ஒரு தயாரிப்பாளரின் இத்தாலி: ரோம் புறநகர்த் தெருவிலிருந்து மத்தேரா குகை வீடுகள் வரை

1966-ல் வெளிவந்த ஓர் இத்தாலியப் படம். டைட்டில் கார்டு ஓடுகிறது. ஆனால் எழுத்தைப் படித்துக்கொண்டிருக்க வேண்டியதில்லை. ஒரு பாடகர் எல்லாப் பெயர்களையும் பாட்டாகவே பாடிவிடுகிறார். தயாரிப்பாளரின் பெயர் வரும்போது சின்னக் கிண்டல் ஒன்று: இந்தப் படத்தைத் தயாரித்து, இவர் தன் நிலைமையையே பணயம் வைத்தார் என்கிறது பாட்டு. இயக்குநர் பணயம் வைத்தது தன் நற்பெயரையாம்!

படத்தின் பெயர் 'பருந்துகளும் குருவிகளும்'. பாடியவர் டொமெனிகோ மொதூன்யோ, இசை எனியோ மோரிகோனே. இயக்குநர் பியர் பாலோ பசோலினி. கவிஞர், நாவலாசிரியர், கம்யூனிஸ்ட், கடவுள் நம்பிக்கை இல்லாதவர். உலக சினிமா ரசிகர்கள் எல்லோருக்கும் தெரிந்த பெயர். தயாரிப்பாளர் ஆல்ஃப்ரெடோ பினி. இந்தப் பெயர் சினிமா ரசிகர்களிலேயே பலருக்குத் தெரியாது.

இத்தாலிக்குச் சுற்றுலா போகிறவர்களுக்கு வழக்கமான பட்டியல் ஒன்று உண்டு. கொலோசியம், வெனிஸ் படகு, பைசா கோபுரம். இங்கே நாம் போகப்போவது வேறு பாதை. பினி பணம் புரட்டிய படங்கள் எடுக்கப்பட்ட இடங்கள் வழியாக ஒரு பயணம். ரோமின் ஏழைத் தெரு ஒன்றில் தொடங்கி, தெற்கே குகை நகரம் வரை போய், கடைசியில் ஒரு நெடுஞ்சாலை ஓர விடுதியில் முடிகிறது.

முதல் நிறுத்தம்: பின்யேத்தோ

ரோம் ரயில் நிலையத்துக்குக் கிழக்கே, தண்டவாளங்களுக்கு அருகில் இருக்கும் பகுதி பின்யேத்தோ. மெட்ரோ 'சி' லைனில் அதே பெயரில் ஸ்டேஷன் இருக்கிறது. இன்று அது இளைஞர்கள் கூடும் இடம். காபிக் கடைகள், புத்தகக் கடைகள், மாலையானால் தெருவெல்லாம் நாற்காலிகள். சுவர்களில் பசோலினியை நினைவுபடுத்தும் ஓவியங்கள்.

1961-ல் இது இப்படி இல்லை. வேலை தேடி ரோமுக்கு வந்தவர்களின் தாழ்ந்த வீடுகள், புழுதி, வறுமை. இங்கே இருக்கும் ஃபன்ஃபுல்லா த லோதி என்ற தெருவில்தான் பசோலினி தன் முதல் படமான 'அக்கட்டோனே'வின் காட்சிகளை எடுத்தார். பிச்சை கேட்பவன் என்று பொருள் வரும் பெயர். பெண் ஒருத்தியின் உழைப்பில் தின்று திரியும் ஓர் இளைஞனின் கதை. கதாநாயகன் ஃபிராங்கோ சித்தி அதற்கு முன் நடித்ததே இல்லை. உதவி இயக்குநராக ஓடியாடி வேலை பார்த்தவர் பெர்னார்தோ பெர்த்தோலுச்சி. பின்னாளில் 'தி லாஸ்ட் எம்பரர்' எடுத்து ஆஸ்கர் வாங்கியவர்.

இந்தப் படத்தை முதலில் தயாரிக்க இருந்தது பினி அல்ல. ஃபெலினி பங்குதாரராக இருந்த ஒரு கம்பெனி. பசோலினி சோதனைக்காகச் சில காட்சிகளை எடுத்துக் காட்டினார். ஃபெலினிக்கு அதில் நம்பிக்கை வரவில்லை. கேமரா பற்றி ஒன்றும் தெரியாத கவிஞர், நடிக்கத் தெரியாத தெருப் பையன்கள், சிரிப்போ சண்டையோ இல்லாத கதை. கைவிட்டுவிட்டார்கள்.

அப்போது மௌரோ பொலோனினி என்ற இயக்குநர், சோதனைக் காட்சிகளின் புகைப்படங்களைப் பசோலினியிடம் பார்க்கிறார். 'அழகன் அந்தோனியோ' என்ற படத்துக்காக இருவரும் சேர்ந்து வேலை செய்திருந்தார்கள். மார்ச்செல்லோ மாஸ்த்ரோயான்னி நடித்த அந்தப் படத்தைத் தயாரித்தவர் பினி. பொலோனினி விஷயத்தைப் பினியிடம் கொண்டுபோனார். துறைமுக நகரமான லிவோர்னோவில் 1926-ல் பிறந்த பினிக்கு அப்போது 34, 35 வயது. சொந்தமாக 'ஆர்கோ ஃபிலிம்' என்ற சின்னக் கம்பெனி. பெரிய ஸ்டுடியோவின் தயவில் நிற்பவர் அல்ல. படத்தை எடுத்துக்கொண்டார்.

அக்காலத்து இத்தாலியில் தனித் தயாரிப்பாளர் என்றால் என்ன? கஜானா வைத்திருப்பவர் என்று நினைக்க வேண்டாம். விநியோகஸ்தரிடம் மினிமம் கேரண்டி பேச வேண்டும். அந்தக் காகிதத்தைக் காட்டி வங்கியில் கடன் கேட்க வேண்டும். புரோ நோட்டுகளில் கையெழுத்துப் போட வேண்டும். படம் ஓடினால் அடைக்கலாம். ஓடாவிட்டால் அந்தக் கையெழுத்துகள் எல்லாம் வீடு தேடி வரும். வேறொருவர் மனதில் இருக்கும் படத்துக்கு இவர் ஜாமீன்.

'அக்கட்டோனே' வெனிஸ் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது. 18 வயதுக்கு உட்பட்டவர்கள் பார்க்கத் தடை விதித்தார்கள். ரோமில் திரையிட்டபோது தீவிர வலதுசாரி இளைஞர்கள் தியேட்டருக்குள் புகுந்து ரகளை செய்தார்கள். திரையின் மீது மை வீசினார்கள். முதல் படத்திலேயே இவ்வளவு பார்த்த தயாரிப்பாளர், அடுத்த படத்துக்கு வேறு இயக்குநரைத் தேடியிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

பினி தேடவில்லை.

இரண்டாவது நிறுத்தம்: வாய்க்கால் பாலப் பூங்கா

மெட்ரோ 'ஏ' லைனில் ஜூலியோ அக்ரிகோலா ஸ்டேஷனில் இறங்கிக் கொஞ்சம் நடந்தால் பெரிய புல்வெளி விரிகிறது. அதன் நடுவே, வரிசையாகக் கல் வளைவுகள். கி.பி. 52-ல் கட்டி முடித்த கிளாடியஸ் வாய்க்காலின் மிச்சம் இது. மலையிலிருந்து ரோம் நகருக்குத் தண்ணீர் கொண்டுவந்த பாலம். நுழைவுக் கட்டணம் கிடையாது. மாலை வெயிலில் குழந்தைகளோடு போய் உட்கார ரோமில் இதைவிட நல்ல இடம் கிடைப்பது கஷ்டம்.

வளைவுகளுக்கு அந்தப்பக்கம் அடுக்குமாடிக் குடியிருப்புகள் தெரியும். போருக்குப் பின் உழைக்கும் குடும்பங்களுக்காக அரசு கட்டிய வீடுகள். இந்த இடிபாடுகளையும் புது வீடுகளையும் எதிரெதிரே வைத்து 1962-ல் எடுத்த படம் 'மம்மா ரோமா'. பழைய வாழ்க்கையை விட்டுவிட்டு, காய்கறிக் கடை போட்டு, மகனை மரியாதையாக வளர்க்க நினைக்கும் ஒரு தாயின் கதை. நடித்தவர் அன்னா மன்யானி. கடைசியில் மகன் சிறையில் படுக்கையோடு கட்டப்பட்டுச் சாகும் காட்சியைப் பார்த்துவிட்டுச் சும்மா எழுந்து போக முடியாது.

இந்தப் படத்தின் மீது ஆபாசப் புகார் கொடுத்தார் ஒரு காவல் அதிகாரி. அது தள்ளுபடியானது. ஆனால் அடுத்ததாக வந்தது நிஜமான வழக்கு.

1963-ல் நான்கு இயக்குநர்களின் நான்கு குறும்படங்களைச் சேர்த்து ஒரே படமாகப் பினி வெளியிட்டார். ரோஸ்ஸெல்லினி, கொதார், பசோலினி, கிரெகொரெத்தி. நால்வர் பெயரின் முன்னெழுத்துகளைச் சேர்த்து 'ரோகோபாக்' என்று தலைப்பு. அதில் பசோலினியின் பகுதி, ஏசுவின் வாழ்க்கையைப் படமாக்கும் ஷூட்டிங்கில் நடக்கிறது. திருடனாகச் சிலுவையில் தொங்க வேண்டிய ஒரு ஏழை துணை நடிகன். பசி தாங்காமல் அலைந்து, கடைசியில் அளவுக்கு மீறித் தின்றுவிட்டுச் சிலுவையிலேயே செத்துப்போகிறான். படத்துக்குள் வரும் இயக்குநராக நடித்தவர் ஆர்சன் வெல்ஸ்.

படம் பறிமுதல் செய்யப்பட்டது. அரசு மதத்தை அவமதித்ததாகப் பசோலினிக்கு நான்கு மாதச் சிறை, தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. மேல்முறையீட்டில் பிறகு விடுதலை. ஆனால் அதுவரை? முடங்கிய படம், ஓடிக்கொண்டிருக்கும் வட்டி, கோர்ட் வாசல். படம் வெட்டுகளோடும் வேறு தலைப்போடும்தான் மறுபடி வெளியே வந்தது.

இப்போது யோசித்துப் பாருங்கள். மதத்தை அவமதித்ததாகத் தண்டனை பெற்ற, கடவுள் நம்பிக்கையில்லாத அதே மனிதர் வந்து, "அடுத்தது ஏசுவின் வாழ்க்கையைப் படமாக எடுக்கிறேன்" என்கிறார். எந்த வங்கி கடன் கொடுக்கும்?

மூன்றாவது நிறுத்தம்: மத்தேரா

பசோலினிக்கு அந்த யோசனை வந்த இடம் அசிசி. புனித பிரான்சிஸ் பிறந்த ஊர். 1962 அக்டோபரில் அங்கே ஒரு கத்தோலிக்க அமைப்பின் விருந்தினராகத் தங்கியிருந்தார். போப் 23-ம் ஜான் அன்று அசிசிக்கு வந்ததால் ஊரே கூட்டத்தில் அடைபட்டுக் கிடந்தது. அறையில் இருந்த நற்செய்தி நூலைக் கையில் எடுத்தவர், ஒரே மூச்சில் படித்து முடித்தார். மத்தேயுவின் நற்செய்தியை அப்படியே படமாக்க வேண்டும் என்று முடிவு செய்தார்.

பினி சிரித்து அனுப்பிவிடவில்லை. எப்படி எடுக்கப்போகிறாய் என்பதை எழுத்தில் கொடு என்று கேட்டார். 1963-ல் பசோலினி அவருக்கு எழுதிய பதில் கடிதம் பிறகு அச்சிலும் வந்தது. நற்செய்தியைத் திரைக்கதையாகச் சுருக்காமல், அதன் வரிசையிலேயே பின்தொடரப்போவதாக அதில் விளக்கினார். தயாரிப்பாளர் கேட்ட கேள்விதான் இயக்குநரைத் தன் மனதைத் தெளிவாக எழுதவைத்தது.

அந்தக் கோடையில் ஒரு பாதிரியாரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு பசோலினி புனித பூமிக்கே போனார். லொகேஷன் பார்க்க. ஏமாற்றம்தான். நவீனக் கட்டடங்களும் புதுப் பண்ணைகளும் வந்துவிட்டன. நற்செய்தியில் படித்த உலகம் அங்கே கிடைக்கவில்லை. அது கிடைத்தது இத்தாலியின் தெற்கில், மத்தேராவில்.

பாரி நகரத்திலிருந்து சுமார் 65 கிலோமீட்டர். குறுகிய பாதை ரயில் ஒன்று, கோதுமை வயல்களுக்கும் ஒலிவத் தோப்புகளுக்கும் நடுவே ஆடி ஆடிக் கொண்டுபோய் விடும். ஸ்டேஷனில் இறங்கும்போது சாதாரண ஊர் போலத்தான் இருக்கும். மேல் நகரத்துத் தெருக்களைத் தாண்டி ஒரு திருப்பத்துக்கு வந்து கீழே பார்த்தால்தான் தெரியும். ஒரு பெரும் பள்ளத்தாக்கின் சரிவு முழுக்கக் கல் வீடுகள். ஒரு வீட்டின் கூரை இன்னொரு வீட்டின் முற்றம். பாதி வீடு வெளியே, பாதி வீடு பாறைக்குள்ளே. 'சாஸ்ஸி' என்று பெயர். கற்கள் என்று அர்த்தம். மனிதர்கள் மிகப் பழங்காலத்திலிருந்தே குடியிருந்த இடம்.

இன்று அங்கே ஓர் இரவு தங்க நல்ல விலை கொடுக்க வேண்டும். ஆனால் 1950-களில் இந்த ஊரை 'தேசிய அவமானம்' என்று அழைத்தார்கள். ஒரே குகையில் பெற்றோர், பிள்ளைகள், கழுதை, கோழி. மலேரியா. பிறந்த குழந்தைகளில் பலர் தங்கவில்லை. கார்லோ லேவி 1945-ல் எழுதிய புத்தகம் இந்த வறுமையை வெளியே சொன்ன பிறகு நாடே அதிர்ந்தது. 1952-ல் தனிச் சட்டம் போட்டு, சுமார் 15,000 பேரைப் புதுக் குடியிருப்புகளுக்கு மாற்றத் தொடங்கினார்கள்.

1964-ல் பசோலினியும் பினியும் வந்தபோது சாஸ்ஸி பெரும்பாலும் காலியாகிக்கொண்டிருந்தது. செட் போட வேண்டிய அவசியம் இல்லை. எருசலேம் தயாராக நின்றது. பக்கத்து ஊர் விவசாயிகள் ஏசுவின் பின்னால் நடக்கும் ஜனங்களாக வந்தார்கள். பல் விழுந்த, வெயிலில் கறுத்த நிஜ முகங்கள். ஏசுவாக நடித்தவர் என்ரிக்கே இரசோக்கி என்ற 19 வயது ஸ்பானிய மாணவர். முதிய மரியாளாக நடித்தவர் பசோலினியின் சொந்த அம்மா சுசன்னா. சிலுவை அடியில் அவர் அழும் காட்சியில் நடிப்பு எங்கே முடிகிறது என்று சொல்ல முடியாது.

பெத்லகேமுக்குப் பாரிலே என்ற சிற்றூர். சாத்தான் ஏசுவைச் சோதிக்கும் பாலைவனத்துக்கு எட்னா எரிமலை. இத்தாலியின் தெற்கு முழுவதையும் புனித பூமியாக்கிவிட்டார்கள்.

'மத்தேயுவின் நற்செய்தி' 1964-ல் வெனிஸ் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு பெற்றது. கத்தோலிக்க சினிமா அமைப்பின் விருதும் கிடைத்தது. மறைந்த போப் 23-ம் ஜானுக்குப் படத்தைச் சமர்ப்பித்திருந்தார் பசோலினி. ஐம்பது வருடம் கழித்து, 2014-ல், வாடிகனின் நாளிதழே ஏசுவைப் பற்றிய படங்களில் இதுதான் சிறந்தது என்று எழுதியது. ஒரு வருட இடைவெளியில் மத அவமதிப்பிலிருந்து மதத்தின் பாராட்டுக்கு. நடுவில் அந்தப் படத்துக்கு ஜாமீன் நின்றவர் பினி.

மத்தேராவில் இரண்டு நாளாவது தங்குங்கள். பழைய மரச்சாமான்களோடு வைத்திருக்கும் குகை வீடு ஒன்று அருங்காட்சியகமாக இருக்கிறது. பிள்ளைகளுக்குக் கட்டாயம் காட்ட வேண்டியது. மத்தேரா ரொட்டி சாப்பிட்டுப் பாருங்கள். கெட்டிக் கோதுமை ரவையில் செய்த பெரிய ரொட்டி, பல நாள் கெடாது. ஊர்ப் பொது அடுப்பில் சுடும்போது எது யார் வீட்டு ரொட்டி என்று தெரிய, மர முத்திரையால் குடும்பத்தின் எழுத்தைக் குத்தி அனுப்புவார்களாம். அந்த மர முத்திரைகள் இப்போது நினைவுப் பொருளாக விற்கின்றன. நல்ல செருப்பு முக்கியம். எல்லாமே படிக்கட்டு.

1993-ல் யுனெஸ்கோ பாரம்பரியச் சின்னம், 2019-ல் ஐரோப்பியக் கலாசாரத் தலைநகரம், நடுவில் மெல் கிப்சனின் ஏசு படம், பிறகு ஜேம்ஸ் பாண்ட் கார் துரத்தல். அவமானம் என்று ஆள்கள் வெளியேறிக்கொண்டிருந்த நேரத்தில் இந்தக் கற்களை அழகு என்று பார்த்தவர்கள் கொஞ்சம் பேர். அவர்களில் சிலர் ஷூட்டிங் வேனில் வந்தார்கள்.

கடைசி நிறுத்தம்: கடலோர நெடுஞ்சாலை

'பருந்துகளும் குருவிகளும்' முடிந்து, 1967-ல் மொராக்கோவில் எடுத்த 'ஈடிபஸ் அரசன்' வந்தது. அதோடு இருவரின் பாதையும் பிரிந்தது. பசோலினி வேறு தயாரிப்பாளர்களோடு போனார். 1975-ல் ரோமுக்கு அருகே ஒஸ்தியாவில் கொலை செய்யப்பட்டார்.

பினி விடாமல் மோதிப் பார்த்தார். பழைய ரோமானியக் கதையான 'சத்திரிகோன்' ஒன்றை ஃபெலினி எடுக்கத் தொடங்கியபோது, அதே கதையை வேறு இயக்குநரை வைத்துப் பினியும் தயாரித்தார். இரண்டும் 1969-ல் வந்தன. தலைப்புச் சண்டையில் ஃபெலினி தன் பெயரையே தலைப்பில் சேர்த்து 'ஃபெலினி சத்திரிகோன்' என்று வெளியிட வேண்டியதாயிற்று. சண்டையில் பினிக்குப் பெயர் வந்தது. ஆனால் இன்று உலகம் பார்ப்பது ஃபெலினியின் படத்தை. நடிகை ரோஸான்னா ஸ்கியாஃபினோவுடனான பினியின் திருமணமும் முறிந்தது. காலம் மாறியது, படங்கள் குறைந்தன.

ரோமிலிருந்து வடக்கே கடலை ஒட்டிப் போகிறது வியா அவ்ரேலியா. பண்டைய ரோமானியர் போட்ட சாலை. இன்று லாரிகள் ஓடும் நெடுஞ்சாலை. தர்க்வீனியா ஊரைத் தாண்டினால் மோன்தால்தோ தி காஸ்த்ரோ. வழிப்போக்கர்கள் இரவு தங்கிப் போகும் விடுதிகள் இந்தப் பாதையில் உண்டு. அப்படி ஒரு விடுதிக்குத்தான் முதுமையில் பினி வந்து சேர்ந்தார். கையில் பணம் இல்லை. கூட ஆளும் இல்லை. விடுதிக்காரர் சினிமாக்காரர் அல்ல, பினிக்குச் சொந்தமும் அல்ல. தங்க இடம் கொடுத்தார். ஒரு ராத்திரி தங்குவதற்கான இடத்தில் பினி தன் கடைசி ஆண்டுகளைக் கழித்தார். 2010 அக்டோபரில், 83 வயதில், தர்க்வீனியாவில் காலமானார். இந்தக் கதையைச் சொல்லும் ஆவணப்படம் ஒன்று 2015-ல் வெனிஸ் விழாவில் காட்டப்பட்டது. அதன் பெயர் 'எதிர்பாராத விருந்தாளி'.

தர்க்வீனியாவுக்கு ரோமிலிருந்து ரயிலில் ஒன்றரை மணி நேரம் போதும். ரோமானியருக்கும் முந்தைய எத்ருஸ்கன் மக்களின் பாறைக் கல்லறைகள் இங்கே இருக்கின்றன. படி இறங்கிப் போய்க் கண்ணாடி வழியே பார்த்தால், சுவரெல்லாம் விருந்து, நடனம், மீன் பிடித்தல் என்று வண்ணம் மங்காத ஓவியங்கள்.

இதே மாவட்டத்தில், உள்ளே தள்ளி, கியா என்ற கிராமம் இருக்கிறது. மரங்களுக்கு நடுவே இறங்கும் பாதையில் போனால் பாறைகளில் விழுந்தோடும் ஓர் ஓடை. 'மத்தேயுவின் நற்செய்தி'யில் ஏசு ஞானஸ்நானம் பெறும் யோர்தான் நதி இதுதான். அந்த ஷூட்டிங்கில் பார்த்த இடம் பிடித்துப்போய், பக்கத்தில் இருந்த பழைய கோபுரத்தைப் பிறகு வாங்கிக் கொஞ்ச காலம் அங்கே வசித்தார் பசோலினி. கோபுரத்தை வெளியிலிருந்து பார்க்கலாம். அது பசோலினியின் கோபுரம் என்று ஊரில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

பினிக்குக் கோபுரம் எதுவும் இல்லை. பெரிய ஆள்கள் வேண்டாம் என்று ஒதுக்கிய ஒரு கவிஞரை நம்பிக் கையெழுத்துப் போட்டவர் அவர். நாற்பது வருடம் கழித்து, எந்தக் கையெழுத்தும் கேட்காமல் அவரை நம்பிக் கதவைத் திறந்தவர் ஒரு விடுதிக்காரர். கியா ஓடைக்கும் அந்த நெடுஞ்சாலைக்கும் இடையே ஒரே மாவட்டம். காரில் போனால் ஒரே பகலில் இரண்டையும் பார்த்துவிடலாம்.